அவன் இல்லாமல் ஒரு கஸ்டர்ட் ஸ்லைஸ்

எங்கள் வீட்டில் ஒரு ‘அவன்’ இருந்தது. கேக் பேக் பண்ணும் அவன். ஆனால் நான் பிறந்ததிலிருந்து அதற்குள் சூடு ஏறி நான் பார்த்ததில்லை. கதவைத் திறந்தால் பெரிய தாச்சி, இடியப்பத் தட்டுகள், புட்டுக் குழல், இரண்டு தோசைக்கல், மூடி இல்லாத ஒரு சட்டி, சட்டி இல்லாத ஒரு மூடி. எல்லாம் இடிந்து விழும்.

உங்கள் வீட்டிலும் இப்படித்தானா? அப்படியென்றால் நீங்களும் என் ஆள்தான்.

யாழ்ப்பாணத்தில் இணுவிலிலிருந்து அம்மம்மா சிட்னிக்கு எங்களோடு இருக்க வந்த புதிதில் ஒருநாள் புட்டுக் குழலைத் தேடினார். “அவனுக்குள்ள இருக்கு அம்மம்மா” என்றேன். “எவனுக்குள்ள?” என்று கேட்டார். அன்றிலிருந்து அந்தப் பெட்டிக்கு எங்கள் வீட்டில் ‘எவன்’ என்றே பெயர்.

இந்தக் கதை அந்த அம்மம்மாவைப் பற்றியது. அவருக்காக நான் செய்த ஓர் இனிப்பைப் பற்றியது. அதில் நான் விட்ட ஒரு பிழையைப் பற்றியதும்தான்.

வாழைப்பழப் படங்கள்

அம்மம்மா சைவம். இறைச்சி, மீன் மட்டுமல்ல, முட்டையும் தொடமாட்டார். எங்கள் வீட்டுப் பிறந்தநாள்களுக்கு அப்பா கடையில் கேக் வாங்கி வருவார். கேக் வெட்டி, பாட்டுப் பாடி, எல்லாருக்கும் ஒவ்வொரு துண்டு போகும். அம்மம்மாவிடம் தட்டை நீட்டினால், “எனக்கு வேண்டாம் பிள்ளை, நீங்கள் சாப்பிடுங்கோ” என்பார். அம்மா ஒரு வாழைப்பழத்தை எடுத்து அவருடைய தட்டில் வைப்பார்.

பழைய படங்களை எடுத்துப் பாருங்கள். என் எட்டாவது பிறந்தநாள், தம்பியின் ஐந்தாவது, அப்பாவின் நாற்பதாவது. எல்லாருடைய கையிலும் கேக். ஓரத்தில் ஒரு கதிரை. அதில் அம்மம்மா. கையில் வாழைப்பழம்.

அவருடைய எழுபதாவது பிறந்தநாள் வந்தபோது எனக்குப் பன்னிரண்டு வயது. அவருடைய பிறந்தநாளிலும் அவரே வாழைப்பழத்தோடு இருக்கப் போகிறார் என்று நினைக்க எனக்குப் பிடிக்கவில்லை. முட்டை இல்லாமல் ஏதாவது செய்ய வேண்டும். அவனும் இல்லாமல் செய்ய வேண்டும். அம்மா முதியோர் இல்லத்தில் இரவு வேலை செய்துவிட்டுப் பகலில் தூங்குவார். சத்தமும் போடக்கூடாது.

அப்போதுதான் லாட்டிஸ் ஸ்லைஸ் ஞாபகம் வந்தது.

சளிக்கட்டி

ஆஸ்திரேலியாவில் இல்லாதவர்களுக்கு ஒரு சிறு விளக்கம். இங்கே எந்த ஊர் பேக்கரிக்குப் போனாலும் கண்ணாடிப் பெட்டிக்குள் வெனிலா ஸ்லைஸ் இருக்கும். கீழே மொறுமொறுவென்று ஒரு படை, நடுவில் இரண்டு விரல் உயரத்துக்கு மஞ்சள் கஸ்டர்ட், மேலே இன்னொரு படை, அதன்மேல் ஐசிங். ‘ஆயிரம் இலை’ என்று பொருள்படும் பெயர் கொண்ட பிரெஞ்சு இனிப்பான மில்ஃபெய்க்கு இது தூரத்துச் சொந்தம். பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் இதற்கு வைத்திருக்கும் பட்டப்பெயர் ‘சளிக்கட்டி’. கடித்தால் கஸ்டர்ட் பக்கத்தால் வழிவதைப் பார்த்தால் ஏன் என்று விளங்கும். அருவருப்பாக இருக்கிறதா? சாப்பிட்டால் மறந்துவிடுவீர்கள். விக்டோரியா மாநிலத்தில் ஊயென் என்ற சின்ன ஊரில் 1998இல் சிறந்த வெனிலா ஸ்லைஸுக்கென்றே ஒரு போட்டி தொடங்கினார்கள் என்றால் பாருங்கள்.

பேக்கரிக்காரர் பேஸ்ட்ரி மாவை மடித்து மடித்து உருட்டி, அவனில் வைத்துப் பொரிய விடுவார். வீட்டில் அவ்வளவு பாடுபட முடியாதவர்கள் கண்டுபிடித்த குறுக்குவழிதான் லாட்டிஸ் பிஸ்கற். பாய் பின்னியதுபோல் கோடு போட்ட சதுர பிஸ்கற். அதைக் கீழே ஒரு படை அடுக்கு, நடுவில் கஸ்டர்ட் ஊற்று, மேலே ஒரு படை அடுக்கு, பிரிட்ஜில் வை. இரவோடிரவாக கஸ்டர்டின் ஈரம் பிஸ்கற்றுக்குள் இறங்கி, காலையில் அது பிஸ்கற்றாகவும் இல்லாமல் கேக்காகவும் இல்லாமல் மெத்தென்று இருக்கும். பிஸ்கற்றின் கோட்டிலேயே கத்தியை இறக்கினால் துண்டுகள் அளவெடுத்ததுபோல் வரும்.

நான் வாங்கியது நாலே பொருள். லாட்டிஸ் பிஸ்கற் பக்கற், உடனடி வெனிலா புடிங் தூள், பால், ஒரு பெட்டி ‘திக்கன்ட் கிரீம்’. அடித்தால் தடிப்பாக நிற்கும் கிரீம் அது.

உடனடிப் புடிங் எப்படி அடுப்பே இல்லாமல் தடிக்கிறது என்று யோசித்திருக்கிறீர்களா? சாதாரண மாப்பொருள் சூடு பட்டால்தான் தண்ணீரை உறிஞ்சி வீங்கும். கஞ்சி காய்ச்சும்போது நடப்பது அதுதான். புடிங் தூளில் இருக்கும் மாப்பொருளைத் தொழிற்சாலையிலேயே ஒருமுறை வேக வைத்துக் காய வைத்திருப்பார்கள். அதனால் குளிர்ந்த பாலைக் கண்டதுமே உறிஞ்சிக்கொள்ளும். யாரோ எங்களுக்காக முன்கூட்டியே சமைத்து வைத்திருக்கிறார்கள்.

முட்டை இருக்கிறதா என்று பிஸ்கற் பக்கற்றை வாசித்தேன். புடிங் பெட்டியை வாசித்தேன். இரண்டிலும் இல்லை. கிரீம் பெட்டியை வாசிக்கவில்லை. கிரீம் என்றால் பால்தானே? அதில் என்ன வாசிக்க இருக்கிறது?

இரண்டு துண்டு

அம்மம்மா முதலில் வழக்கம்போல், “எனக்கு வேண்டாம்…” என்று தொடங்கினார். “முட்டை இல்லை அம்மம்மா! நானே செய்தது. உங்களுக்கெண்டே செய்தது” என்றேன். என் முகத்தைப் பார்த்தார். வாங்கினார். ஒரு கடி கடித்தார். கஸ்டர்ட் பக்கத்தால் வழிந்து சேலையில் விழுந்தது. சிரித்துக்கொண்டே விரலால் வழித்துச் சாப்பிட்டார். இன்னொரு துண்டும் கேட்டு வாங்கினார்.

அந்தப் படம் இன்னும் எங்களிடம் இருக்கிறது. வாழைப்பழம் இல்லாத முதல் படம்.

அடுத்த நாள் குப்பை எடுக்கும் லொறி வரும் நாள். மஞ்சள் மூடித் தொட்டிக்குள் போடுவதற்காகக் கிரீம் பெட்டியைக் கழுவினேன். கழுவும்போது சும்மா கண்ணில் பட்டது. கிரீம் என்ற சொல்லுக்குப் பக்கத்தில் ‘தடிப்பாக்கி’ என்று போட்டு, அதற்குப் பக்கத்தில் ஒரு சொல். ஜெலட்டின்.

அந்தச் சொல் எனக்குத் தெரியும். வகுப்பில் என் பக்கத்தில் இருந்த லெபனான் தோழி, யார் லொலி கொடுத்தாலும் பக்கற்றைத் திருப்பி அந்தச் சொல் இருக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் எடுப்பாள். ஒருநாள் ஏன் என்று கேட்டேன். மாடு, பன்றி போன்றவற்றின் தோலையும் எலும்பையும் காய்ச்சி எடுப்பதுதான் ஜெலட்டின் என்று சொல்லியிருந்தாள்.

குழாய் திறந்தபடியே இருந்தது. நான் பெட்டியைப் பிடித்துக்கொண்டே நின்றேன்.

மூன்று நாள்

நீங்களாக இருந்தால் என்ன செய்வீர்கள்? உண்மையாகக் கேட்கிறேன்.

ஒருவருக்கும் தெரியாது. அம்மம்மாவுக்கு ஆங்கிலத்தில் பொடி எழுத்து வாசிக்கத் தெரியாது. பெட்டியைத் தொட்டிக்குள் போட்டால் கதை முடிந்தது. அவர் சந்தோஷமாகத்தான் இருக்கிறார். தொலைபேசியில் இணுவிலில் இருக்கும் தங்கச்சிக்குச் சொல்லிக்கொண்டிருந்தார்: “பேத்தி எனக்கெண்டு கேக் செய்தவள். முட்டை போடாமல்.”

அதைக் கேட்டபோது எனக்கு வயிற்றுக்குள் ஏதோ செய்தது. மூன்று நாள் நான் அவருடைய கண்ணைப் பார்க்கவில்லை. இரவில் அவருக்குப் பக்கத்தில்தான் படுப்பேன். அந்த மூன்று நாளும் வீட்டுப்பாடம் இருக்கிறது என்று தம்பியின் அறையில் படுத்தேன்.

நாலாம் நாள் அவர் தலைக்கு எண்ணெய் வைத்து இழுக்கும்போது சொல்லிவிட்டேன். முகம் தெரியாமல் முதுகைக் காட்டிக்கொண்டு இருந்தது எனக்கு வசதியாக இருந்தது.

சீப்பு நின்றது.

“எந்த மிருகம்?” என்று கேட்டார்.

“தெரியாது அம்மம்மா. மாடாய் இருக்கலாம்.”

அவர் ஒன்றும் சொல்லவில்லை. பின்னலை முடித்து, றிபன் கட்டி விட்டார். அன்றிரவு சாப்பிடவில்லை. அடுத்த நாள் விடியவே தலைக்கு முழுகிவிட்டு சாமி அறைக்கு முன்னால் நின்றார். சாமி அறை என்றால் துணி அலுமாரியின் நடுத்தட்டு. எங்கள் வாடகை வீட்டில் அதுதான் கோயில். நெடுநேரம் நின்றார்.

அம்மாவுக்கு விஷயம் தெரிந்ததும் என்மீது கோபம் வந்தது. “உனக்கு ஏன் இந்த வேலை? தெரியாமல் சாப்பிட்டதில என்ன பாவம்? இப்ப சொல்லி அந்த மனிசியைப் பட்டினி போட்டிட்டாய்.”

அம்மா சொன்னதில் நியாயம் இல்லை என்று இன்றைக்கும் என்னால் சொல்ல முடியாது. நான் சொன்னதால் அம்மம்மாவின் மனம் லேசாகவில்லை. என் மனம்தான் லேசானது. என் பாரத்தை இறக்கி அவர் தலையில் வைத்துவிட்டேனோ என்று அழுகை வந்தது.

அம்மம்மா அலுமாரிக் கதவைச் சாத்திவிட்டு வந்தார். நெற்றியில் திருநீறு ஈரமாக இருந்தது.

“அவளைப் பேசாதை” என்று அம்மாவிடம் சொன்னார். “அவள் சொன்னபடியாலதான் நாளைக்கும் அவள் தாறதை நான் கேளாமல் வாங்கிச் சாப்பிடுவன்.”

பிறகு என் பக்கம் திரும்பினார். “ஆனால் இனி வாசிச்சுப்போட்டுத் தா. எனக்கு வாசிக்கத் தெரியாது. உனக்குத் தெரியும்தானே?”

கடற்பாசி கட்டிய கதை

அடுத்த சனிக்கிழமை நாங்கள் இருவரும் சூப்பர்மார்க்கெற்றுக்குப் போனோம். அம்மம்மா ஒவ்வொரு பெட்டியாக எடுத்து என்னிடம் நீட்டினார். “வாசி.” நான் வாசித்தேன். ஒரு கிரீமில் ஜெலட்டின் இல்லை, 407 என்று ஓர் இலக்கம் இருந்தது. “அது என்ன?” வீட்டுக்கு வந்து தேடினோம். கராகீனன். சிவப்புக் கடற்பாசியிலிருந்து எடுப்பது. “அப்ப நல்லம்” என்றார்.

கடற்பாசி என்றதும் அவருக்குச் சைனா கிராஸ் ஞாபகம் வந்தது. ஊரில் பால் காய்ச்சி அதைப் போட்டுக் கட்ட வைப்பார்களாம். “கிரீமை விடு, அதைப் போடுவம்” என்றார். சைனா கிராஸைக் கொதிக்கும் தண்ணீரில் கரைத்து, பிரிட்ஜிலிருந்து அப்போதுதான் எடுத்த குளிர்ந்த புடிங்கில் ஊற்றினோம். கண் மூடித் திறப்பதற்குள் கிண்ணம் முழுக்க நூல் நூலாகத் திரண்டுவிட்டது. நூடில்ஸ் போல. ஜெலட்டின் கட்டுவதற்குப் பிரிட்ஜின் குளிர் வேண்டும். சைனா கிராஸ் அப்படியில்லை, கைச்சூட்டுக்கு வந்தாலே கட்டத் தொடங்கிவிடும். குளிர்ந்ததில் ஊற்றினால் பொறுமையாகவா இருக்கும்? அன்று முழுக்க நாங்கள் வெனிலா நூடில்ஸ் சாப்பிட்டோம். தம்பி மட்டும் இரண்டாம் தரம் கேட்டான்.

மூன்றாம் முறை அம்மம்மாவே கடைத்தட்டில் ஒன்றைக் கண்டுபிடித்தார். கஸ்டர்ட் தூள். “இது ஊரிலயும் இருந்தது. இதுக்கு ஒண்டும் தேவையில்லை. காய்ச்சினால் தானாக் கட்டும்.”

அவர் சொன்னது சரிதான். கஸ்டர்ட் தூள் என்பது பெரும்பாலும் சோள மாதான். கொஞ்சம் நிறம், கொஞ்சம் வாசம். அது எப்படி வந்தது என்பதைப் பிறகு வாசித்து அறிந்தேன். 1837இல் இங்கிலாந்தின் பர்மிங்ஹாமில் ஆல்பிரட் பேர்ட் என்று ஒரு மருந்துக்கடைக்காரர் இருந்தார். அவருடைய மனைவி எலிசபெத்துக்கு முட்டை ஒத்துக்கொள்ளாது. கஸ்டர்ட் என்றாலே முட்டையில் செய்வதுதான். மனைவிக்கும் கஸ்டர்ட் சாப்பிடக் கிடைக்கவேண்டும் என்று சோள மாவில் முட்டை இல்லாத ஒரு கஸ்டர்டைச் செய்தார். இன்று உலகம் முழுக்கக் கடைகளில் இருக்கும் குறுக்குவழித் தூள், சாப்பாட்டு மேசையில் ஒருவர் மட்டும் சும்மா இருக்கக்கூடாது என்பதற்காகச் செய்ததுதான்.

இதை அம்மம்மாவுக்குச் சொன்னேன். “நல்ல மனிசன்” என்றார். கொஞ்சம் யோசித்துவிட்டு, “அந்த மனிசி ஊரெல்லாம் வாழைப்பழம் சாப்பிட்டிருப்பா, பாவம்” என்றார்.

நான் இதுவரை சொன்னதை வைத்து, பக்கற்றில் வருவதெல்லாம் கூடாது என்று நினைத்துவிடாதீர்கள். அப்படி நான் நினைக்கவே இல்லை. இரவு வேலைக்குப் போன அம்மா உறைந்த தேங்காய்ப்பூ பக்கற்றும் வறுத்த மா பக்கற்றும் இல்லாவிட்டால் எங்களுக்குப் புட்டே தந்திருக்க முடியாது. குறுக்குவழியில் போகலாம். ஆனால் யாரைக் கூட்டிக்கொண்டு போகிறோமோ அவருக்கு அந்த வழி சரியா என்று பார்க்கவேண்டும். அதற்கு அரை நிமிடம் போதும். எனக்கு அன்று அந்த அரை நிமிடம் இருந்தது.

இனி நீங்கள் செய்யுங்கள்

இது அம்மம்மாவும் நானும் கடைசியில் பிடித்த கணக்கு. ஜெலட்டின் இல்லை, கிரீமும் இல்லை, அவனும் இல்லை. அடுப்பு மட்டும் பத்து நிமிடம் வேண்டும். சின்னவர்கள் பெரியவர் ஒருவரைப் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள். கொதிக்கும் கஸ்டர்ட் கையில் பட்டால் ஒட்டிக்கொண்டு சுடும்.

தேவையானவை:
- லாட்டிஸ் பிஸ்கற் 18 (கீழே 9, மேலே 9)
- பால் 600 மில்லிலீற்றர்
- கஸ்டர்ட் தூள் அரைக் கப்
- சோள மா கால் கப்
- சீனி அரைக் கப்
- பட்டர் 50 கிராம்
- வெனிலா ஒரு தேக்கரண்டி

1. 20 சென்ரிமீற்றர் சதுரத் தட்டில் பேக்கிங் பேப்பரை விரியுங்கள். இரண்டு பக்கமும் பேப்பர் வெளியே நீட்டிக்கொண்டு இருக்கட்டும். பிறகு தூக்கி எடுக்க அதுதான் கைப்பிடி.

2. பிஸ்கற்றின் பளபளப்பான பக்கம் கீழே பார்க்க 9 பிஸ்கற்றை நெருக்கி அடுக்குங்கள்.

3. கஸ்டர்ட் தூள், சோள மா, சீனி மூன்றையும் கால் பங்கு குளிர்ந்த பாலில் கட்டி இல்லாமல் கரையுங்கள். சூடான பாலில் தூளை நேரே கொட்டினால் கட்டி கட்டியாகிவிடும். எங்களுக்கு அதுவும் நடந்திருக்கிறது.

4. மிச்சப் பாலை ஆவி வரும்வரை சூடாக்குங்கள். அடுப்பைக் குறைத்து, கரைத்ததை ஊற்றிக் கிண்டிக்கொண்டே இருங்கள். கையை எடுக்கக்கூடாது, தொலைபேசியைப் பார்க்கக்கூடாது. திடீரென்று தடிக்கும். குமிழி வந்த பிறகும் ஒரு நிமிடம் கிண்டுங்கள். இல்லாவிட்டால் பச்சை மா வாசம் போகாது, வெட்டும்போது நிற்கவும் நிற்காது.

5. இறக்கி, பட்டரும் வெனிலாவும் போட்டுக் கலக்கி, சூட்டோடு பிஸ்கற்றின்மேல் ஊற்றிப் பரப்புங்கள். மேலே 9 பிஸ்கற், பளபளப்பான பக்கம் மேலே. கீழே இருக்கும் பிஸ்கற்றுக்கு நேராக வையுங்கள். மெதுவாக அழுத்துங்கள்.

6. ஆறியதும் மூடி, ஓர் இரவு பிரிட்ஜில். காலையில் பிஸ்கற்றின் கோட்டில் வெட்டுங்கள். 9 துண்டு.

மேலே ஐசிங் வேண்டுமென்றால் ஒரு கப் ஐசிங் சீனியில் ஒரு பாஷன் புருட்டின் உள்ளீட்டைக் கரைத்து, சூடு ஆறிய பிறகு ஊற்றுங்கள். புளிப்பும் இனிப்பும் நன்றாகச் சேரும்.

லாட்டிஸ் பிஸ்கற் கிடைக்காத ஊரில் இருப்பவர்கள்: இங்கிலாந்தில் நைஸ் பிஸ்கற், கனடாவில் கிரஹாம் பிஸ்கற் என்று தட்டையான எதையும் வைத்துப் பாருங்கள். கனடாப் பிள்ளைகளுக்கு இது புதிதாகவே இருக்காது. பிரிட்டிஷ் கொலம்பியாவின் நனைமோ பாரில் நடுப்படை மஞ்சளாக இருப்பதே கஸ்டர்ட் தூளால்தான்.

ஒன்று மட்டும். நான் எழுதிய பட்டியலை நம்பி வாங்காதீர்கள். ஒரே பிஸ்கற்றில்கூட ஒரு நாட்டில் போடுவதை இன்னொரு நாட்டில் போடுவதில்லை. சில நாடுகளில் கஸ்டர்ட் தூளிலேயே முட்டைத்தூள் இருக்கும். உங்கள் மேசையில் யார் இருக்கப் போகிறார்கள் என்று முதலில் நினையுங்கள். முட்டை ஒத்துக்கொள்ளாத தம்பியா, ஹலால் பார்க்கும் தோழியா, சைவ அம்மம்மாவா? பிறகு பெட்டியைத் திருப்புங்கள்.

அம்மம்மாவுக்கு இப்போது எண்பதைத் தாண்டிவிட்டது. என் கையால் எது கொடுத்தாலும், தேத்தண்ணீர் பிஸ்கற் என்றாலும் சரி, டொக்டர் எழுதிய மருந்துக் குளிசை என்றாலும் சரி, வாயில் போடுவதற்கு முன் ஒரே ஒரு கேள்விதான்.

“வாசிச்சனியோ?”

“ஓம் அம்மம்மா.”

அதற்குப் பிறகு பெட்டியைத் திரும்பியும் பார்க்கமாட்டார். வாங்கிச் சாப்பிடுவார்.